சருகுமானைத் திரைக்குக் கொணர்ந்தவர்

பாடாங் மேஹாவிலும் அதனையடுத்த கெடாத் தோட்டங்களிலும் வாழும் நம் மக்களுக்குச் சருகுமான் புதியதன்று. முயலளவேயுள்ள, கொம்பில்லாத அச்சிறு பிராணியை மலாய்க்காரர் கஞ்சில் என்பர். புலியையும் முதலையையும் தன் புத்தியொன்றாலேயே ஏய்க்கும் ‘சாங் கஞ்சில்’ கதைகளை நம் குழந்தைகளும் கேட்டிருக்கின்றனர். ஆயின் அம்மானை இந்நாட்டில் முதன்முதல் வெண்திரையில் ஓடவிட்டவர் யாரென்று வினவின், நம்மிற் பலர் விழிப்பர். அவர் பெயர் ஆனந்தம் சேவியர். தோட்டத்துக் காதுகளுக்கு இப்பெயர் அந்நியமாய் ஒலிக்காதென்பது திண்ணம்.

1946-ஆம் ஆண்டில் அரசாங்கம் ‘மலாயன் பிலிம் யூனிட்’ என்னும் படப்பிடிப்பு நிலையத்தை நிறுவிற்று. அவசரகாலத்தில், அஃதாவது 1948 முதல் 1960 வரை, அந்நிலையத்தின் படங்களை நடமாடும் வண்டிகள் தோட்டந்தோறும் கொண்டு சென்று காட்டின. திடலில் துணித்திரை கட்டி, இருட்டியதும் படம் ஓட்டுவர். அரசாங்கப் பிரசாரமே பெரும்பாலும் எனினும், சினிமாக் கொட்டகைக்குச் செல்லக் காசில்லாதாருக்கு அதுவே சினிமா. அந்நிலையமே பின்னர் ‘பிலிம் நெகாரா மலேசியா’ எனப் பெயர் பெற்றது. அங்கே பணிபுரிந்த ஓவியரே நம் சேவியர்.

சித்திரப்படத் தொழிலின் பாடு எத்தகையதென்பதைச் சிறிது சொல்லுதல் வேண்டும். திரையில் ஒரு விநாடிக்கு 24 படங்கள் ஓடுகின்றன. ஒரு சித்திரத்தை இருமுறை பிடித்துச் சிக்கனம் செய்தாலும் விநாடிக்கு 12 சித்திரம், நிமிடத்துக்கு 720, பத்து நிமிடத்துக்கு 7,200. மான் ஒருமுறை தலையைத் திருப்புதற்கே பல தாள்கள் வேண்டும். தாளில் எழுதியதைக் கண்ணாடி போன்ற செல்லுலாய்டுத் தகட்டில் மையால் படியெடுத்து, பின்புறம் வர்ணம் பூசி, காட்டையும் ஆற்றையும் தனியே தீட்டிய பின்னணிமேல் வைத்து, மேலிருந்து நோக்கும் காமிராவால் ஒவ்வொன்றாகப் பிடித்தல் வேண்டும். ஒரு தகட்டில் தூசி படிந்தால் திரையில் அது ஈயாய்ப் பறக்கும்! இவ்வேலைக்கு வால்ட் டிஸ்னி நூற்றுக்கணக்கான ஓவியரை வைத்திருந்தார். 1937-இல் அவரது ‘ஸ்நோ ஒயிட்’ வெளிவந்தது. இந்தியாவில் 1956-இல் பிலிம்ஸ் டிவிஷன் சித்திரப்படப் பிரிவுக்குப் பயிற்சியளிக்க டிஸ்னியின் ஓவியராயிருந்த கிளேர் வீக்ஸ் வரவழைக்கப்பட்டார். ராம் மோகன் முதலியோர் அவரிடம் கற்றனர். கோலாலம்பூரிலோ டிஸ்னியின் பட்டாளமில்லை.

அந்நிலையில் எழுந்ததே ‘ஹிக்காயாத் சாங் கஞ்சில்’. படம் 1978-இல் முடிந்தது. மக்கள் பார்வைக்கு வந்ததோ 1983-இல்! நாட்டின் முதற் சித்திரப்படம் ஐந்தாண்டு பெட்டிக்குள் கிடந்தது. 1978-இல் ஐந்து வயதாயிருந்த குழந்தை அதனைக் காணும்போது பத்து வயதை எட்டியிருக்கும். ஒரு கட்டடத்துக்கு அடிக்கல் நாட்டினும் அன்றே மாலையிட்டுப் படம் பிடிக்கும் உலகத்தில், ஆயிரக்கணக்கான சித்திரங்களின் உழைப்புக்கு ஐந்தாண்டு இருட்டு. இதனை நாம் சிறு செய்தியாகக் கருதவில்லை.

‘நம்மவர் மலாய்க் கதையை எழுதுவானேன்? பஞ்சதந்திரம் இல்லையா?’ என்று கேட்பாரும் உண்டு. அவர்கட்கு ஒன்று நினைவூட்டுகிறோம். மலாக்காவிற் பிறந்த முன்ஷி அப்துல்லா தமிழும் மலாயும் நன்கறிந்தவர். தமிழ்ப் பஞ்சதந்திரத்தை ஒரு தமிழரின் துணைகொண்டு 1835-இல் மலாயில் பெயர்த்தார். நம் நரியும் சிங்கமும் மலாய் பேசத் தொடங்கி ஒன்றரை நூற்றாண்டு கழியுமுன், சேவியரின் தூரிகை மலாய்க்காரரின் மானுக்கு உருவளித்தது. கதை எவ்வூருக்குச் சொந்தமென்று வேலி கட்டுவோர் இவ்விரண்டையும் எங்கே வைப்பர்?

சேவியர் திறந்த வழியில் அதே நிலையத்து ஹசான் முத்தாலிப் நடந்தார். 1984-இல் ‘சாங் கஞ்சில் டான் மோஞ்யெட்’, 1987-இல் ‘சாங் கஞ்சில் டான் புவாயா’ ஆகிய குறும்படங்களை அளித்தவர், 1998-இல் நாட்டின் முதல் முழுநீளச் சித்திரப்படமாகிய ‘சிலாட் லெஜண்டா’வை இயக்கினார். அதற்கு முன்னரே, 1995-இல், ‘உசோப் சொந்தோரியான்’ தொடர் தொலைக்காட்சியில் வந்துவிட்டது. 2007 முதல் ‘உப்பின் இப்பின்’ வீடுதோறும் புகுந்தது. அக்கம்பத்திலே ராஜூ என்னும் நம் பையனும் ஓடியாடுகிறான், முத்து என்பார் உணவுக்கடை வைத்திருக்கிறார். தோட்டத்துப் பிள்ளைகள் அவ்விருவரையும் அண்டை வீட்டாரைப்போல் அறிவர். சேவியரின் பெயரை மட்டும் நாம் இதுகாறும் அவர்கட்குச் சொல்லவில்லை.