கண்ணகி: ஒரு பெயரின் வரலாறு

தமிழ் மகளிர்க்கு இட்டு வழங்கும் பெயர்களுள் கண்ணகி என்னும் பெயர் தனியிடம் உடையது. அப்பெயரைக் கேட்ட அளவிலேயே ஒற்றைச் சிலம்பும் எரியுண்ட மதுரையும் நினைவில் எழுகின்றன. கற்பு என்னும் சொல்லும் உடன் வந்து நிற்கிறது. ஆயின், இப்பெயர் ஒரு காப்பியத் தலைவிக்கு மட்டும் உரியதன்று. சங்கச் செய்யுட்களின் அடிக்குறிப்பில் இடம்பெற்று, காப்பியத்தில் வளர்ந்து, கடல் கடந்து தெய்வமாகி, இருபதாம் நூற்றாண்டில் மீண்டும் தமிழ்க் குழந்தைகளின் பெயராயிற்று. இவ்வரலாற்றைத் தொடர்ந்து நோக்குவார்க்குக் கற்பினும் மிகுதியாகப் புலப்படுவது முறைகேட்டு நிற்கும் பெண்ணின் குரலேயாகும்.

பெயரும் பொருளும்

கண் என்னும் சொல்லும் நகுதல் என்னும் வினையும் சேர்ந்து அமைந்தது இப்பெயர் என்பது ஒரு விளக்கம். கண் + நீர், கண்ணீர் என்று ஆவது போலக் கண் + நகி, கண்ணகி என்று ஆகும். நகுதல் என்பதற்குச் சிரித்தல், மலர்தல், ஒளிவிடுதல் எனப் பொருள்கள் உண்டு. ஆகவே, கண்களால் நகுபவள், ஒளி மலர்ந்த கண்ணினள் என்பது பெயர்ப்பொருளாகிறது. கண் + அகம் + இ எனப் பிரித்துப் பொருள் காண்பாரும் உளர். எவ்வாறு பிரிப்பினும் முதற்சொல் கண் என்பதில் வேறுபாடு இல்லை.

கண் என்பதை அடியாகக் கொண்டு பெயரிடுதல் பழந்தமிழ் மரபே. கண்ணன், கண்ணனார் என்பன ஆண்பாற் பெயர்கள். பெருங்கோழி நாய்கன் மகள் நக்கண்ணையார் என்னும் புலவர் பெயரில் ‘ந’ என்னும் சிறப்பு முன்னொட்டை நீக்கினால் எஞ்சுவது கண்ணை என்பது. நச்செள்ளை, நக்கீரன் என்பவற்றிலும் அம்முன்னொட்டே காணப்படுகிறது. கண்ணையும் கண்ணகியும் ஒரே அடியிற் பிறந்த பெயர்கள் எனலாம்.

பேகன் மனைவி

காப்பியக் கண்ணகிக்கு முன்னரே மற்றொரு கண்ணகி இருந்தாள். கடையெழு வள்ளல்களுள் ஒருவனும் மயிலுக்குப் போர்வை ஈந்தவனுமாகிய வையாவிக் கோப்பெரும் பேகனின் மனைவி அவள். பேகன் அவளைத் துறந்து நல்லூரில் வேறொருத்தியை விரும்பி வாழ்ந்தான். அது குறித்துக் கபிலர், பரணர், அரிசில்கிழார், பெருங்குன்றூர்கிழார் ஆகிய நால்வர் பாடிய ஐந்து பாடல்கள் புறநானூற்றில் 143 முதல் 147 வரை அமைந்துள்ளன.

கபிலர் பேகனது மலையைப் பாடி நின்றபோது, கண்ணீர் மார்பை நனைக்க விம்மியழுத பெண் யாவள் என அவனையே வினவுகிறார். பரணர், பசித்து வந்திலேம், எமக்குச் சுற்றமும் இல்லை, நீ தேரேறிச் சென்று அவள் துயர் களைதலே யாம் இரக்கும் பரிசில் என்கிறார். அரிசில்கிழாரோ அணிகலனும் செல்வமும் வேண்டா எனக் கூறி, அவள் கூந்தலில் மலர் சூடுமாறு தேரில் குதிரையைப் பூட்டுக என்கிறார். பெருங்குன்றூர்கிழார் பாடலும் அவ்வேண்டுகோளையே வலியுறுத்துகிறது. பரிசிலை நம்பி வாழ்ந்த புலவர்கள் ஒரு பெண்ணின் பொருட்டுப் பரிசிலை மறுத்து நின்ற நிகழ்ச்சி புலவர் மரபின் பெருமைக்குரிய பக்கமாகும்.

இவ்விடத்துக் கருதத்தக்கது ஒன்றுண்டு. ஐந்து பாடல்களின் அடிகளில் எங்கும் கண்ணகி என்னும் பெயர் இல்லை. பாடல்களின் கீழ் அமைந்த குறிப்புகளே அவள் பெயரைக் காத்துத் தந்தன. புலவர்களின் சொல்லில் அவள் அழுதவள், அரிவை, பேகனால் துறக்கப்பட்டவள். பரணர் பாடலில் மட்டும், தான் பேகனுக்கு உறவினள் அல்லள் என்று சொல்லி, அவன் நாள்தோறும் நல்லூர்க்குச் செல்வதைக் கூறுகிறாள். ஏனைய பாடல்களில் அவளுக்காகப் பிறரே பேசுகின்றனர்.

திருமாவுண்ணியும் காப்பியத் தலைவியும்

ஒரு மார்பை அறுத்துக்கொண்ட திருமாவுண்ணி என்பாளைப் பற்றி மதுரை மருதன் இளநாகனார் நற்றிணை 216ஆம் பாடலில் குறிப்பிடுகிறார். சிலப்பதிகாரக் கதையின் பழைய வடிவம் இது எனக் கொள்வார் பலர். அவ்வாறாயின், கதை வேறொரு பெயரோடு முன்னரே வழங்கியது; காப்பியம் செய்தவர் அதற்குக் கண்ணகி என்னும் பெயரைத் தேர்ந்துள்ளார். கணவனால் துறக்கப்பட்டு அழுத ஒரு பெண்ணின் பெயர், மன்னன்முன் வழக்குரைத்த பெண்ணின் பெயருமாயிற்று.

பெயரின் பொருளைக் காப்பியம் மறந்திலது. இந்திர விழாவின்போது கண்ணகியின் கருங்கண் இடப்புறமும் மாதவியின் செங்கண் வலப்புறமும் துடித்தன என்கிறது. கோவலன் பிரிவில் அவள் கண்கள் அஞ்சனம் மறந்தன. அவன் வறுமையோடு மீண்டபோது அவள் முகம் மலரச் சிரித்துச் சிலம்பு உண்டு, கொள்க என்கிறாள். கோவலனின் பெற்றோர் தன் பொய்ம்முறுவல் கண்டு வருந்தினர் என்று கொலைக்களக் காதையில் அவளே கூறுகிறாள். வேட்டுவ வரியில் சாலினி தெய்வமுற்று அவளைப் புகழ, அவள் கணவன் முதுகின்பின் ஒடுங்கிப் புன்முறுவல் கொள்கிறாள். இன்பமும் துன்பமும் அவள் நகையிலேயே அளக்கப்படுகின்றன.

இவற்றின் முடிவிடம் வழக்குரை காதை. பாண்டியன் அவளைக் கண்ணீர் ஒழுகும் கண்ணோடு வந்தவளாகவே கண்டு, யார் என வினவுகிறான். அவள் சோழர் முறைசெய்த வரலாற்றையும் தன் ஊரையும் கூறி, மாசாத்துவான் மகனாய்ப் பிறந்து கொலைக்களப்பட்ட கோவலனையும் சுட்டி, எல்லாவற்றிற்கும் இறுதியில் தன் பெயரைச் சொல்கிறாள். கண்ணீரைக் கொண்டு அரசன் அடையாளம் கண்ட பெண், கண்ணின் நகையைப் பொருளாகக் கொண்ட பெயரை விடையாகத் தருகிறாள். பேகன் மனைவியின் பெயரைக் குறிப்பெழுதியவர் சொல்ல நேர்ந்தது; இவளோ தன் பெயரைத் தானே அவையில் நிறுத்துகிறாள். இப்பெயரின் வரலாற்றில் இதுவே திருப்புமுனை என்க.

மணிமேகலையில் அப்பெயர் மேலும் ஒரு வகையில் வளர்கிறது. தான் ஈன்ற மகளை மாபத்தினியின் மகள் என்றே மாதவி உரைக்கிறாள். ஒருவனால் இடருற்ற இருவரும் மகள் வழியாக உறவாகின்றனர்.

கடல் கடந்த பெயர்

சேரன் செங்குட்டுவன் எடுத்த விழாவிற்கு இலங்கை வேந்தன் கயவாகு வந்தான் எனச் சிலப்பதிகாரம் கூறும். இலங்கையில் சிங்களர் அவளைப் பத்தினித் தெய்வமாக வழிபடுகின்றனர். அங்கு அடைமொழியே பெயராயிற்று. தமிழரிடையே இயற்பெயர் நிலைத்தது. மட்டக்களப்புப் பகுதியில் அவள் கண்ணகை அம்மன். வைகாசிச் சடங்கில் கண்ணகி வழக்குரை பாடப்பெறுகிறது. எரிசினம் தணியக் குளிர்த்தி நிகழ்கிறது. கொம்புமுறி விளையாட்டில் ஊரார் கோவலன் பக்கம் வடசேரியாகவும் கண்ணகி பக்கம் தென்சேரியாகவும் பிரிந்து நிற்பர். கதைப்பாடல்களில் கர்ணகி, கர்ணகை எனவும் பெயர் திரிந்துள்ளது.

பெயர் மறைக்கப்பட்டதும் உண்டு. பத்தொன்பதாம் நூற்றாண்டில் ஆறுமுக நாவலர் கண்ணகி வழிபாட்டைச் சைவநெறிக்குப் புறம்பானதெனக் கண்டித்தார். ஆகம நெறி பரவிய காலத்தில் யாழ்ப்பாணப் பகுதிக் கண்ணகி கோயில்கள் பல இராஜராஜேஸ்வரி, புவனேஸ்வரி முதலிய பெயர்களைப் பெற்றன. வணிகர் குலப் பெண் ஒருத்தியின் இயற்பெயர் கோயில் வாயிலிலிருந்து நீங்கிற்று. வன்னியில் வற்றாப்பளையிலும் கிழக்கிலும் அது நீங்காது நின்றது.

மீண்டும் மகளிர் பெயராக

1892இல் உ.வே. சாமிநாதையர் சிலப்பதிகாரத்தையும் 1894இல் புறநானூற்றையும் பதிப்பித்தார். கற்றோர்க்கு இரு கண்ணகியரும் ஒருசேரக் கிடைத்த காலம் அது. 1916இல் தோன்றிய தனித்தமிழ் இயக்கமும் பின்னர்த் திராவிட இயக்கமும் தமிழ்ப் பெயரிடும் வழக்கைப் பரப்பின. 1942இல் கண்ணாம்பா நடித்த ‘கண்ணகி’யும் 1964இல் வெளிவந்த ‘பூம்புகா’ரும் திரைப்படங்களாய் அப்பெயரை ஊர்தோறும் கொண்டுசென்றன. ம.பொ.சி. சிலம்பைத் தமிழர் ஒற்றுமையின் காப்பியமாகப் போற்றினார்; பெரியாரோ அது பெண்ணடிமையைப் போற்றுவதெனக் கடிந்தார். 1968இல் சென்னைக் கடற்கரையில் நிறுவப்பட்ட சிலை 2001 டிசம்பரில் அகற்றப்பட்டு 2006 ஜூனில் மீண்டும் நிறுவப்பட்டது.

போற்றியோரும் கடிந்தோரும் பெரும்பாலும் கற்பு என்னும் ஒன்றையே பற்றி வழக்காடினர். கணவனைப் பொறுத்திருந்த பெண் என்பதோடு பெயரை நிறுத்தினால், பேகன் வாயிலில் பரிசில் மறுத்த புலவர்களும் பாண்டியன் அவையில் எழுந்த குரலும் மறக்கப்படும். பெண் குழந்தைக்குக் கண்ணகி எனப் பெயரிடுவோர் பொறுமையை மட்டும் அவளுக்கு விரும்புதல் குறையுடைத்து. நகைக்கும் உரிமையும், நகை பறிக்கப்பட்ட நாளில் காரணம் கேட்கும் உரிமையும் அப்பெயருள் அடங்கியுள்ளன. கபிலர் முதலிய நால்வர் ஒருத்திக்காக வாயிலில் நின்று கேட்டனர். அடுத்தவள் தனக்காகத் தானே கேட்டாள். அவ்விரு குரலுக்கும் இடந்தருதல் இப்பெயரைப் பாடும் கவிஞர்தம் கடனாகும்.