டர்போ ஹேட்ச்பேக் காரில் எஞ்சின் ஆயில் மாற்றம்

டர்போ ஹேட்ச்பேக் காரில் எஞ்சின் ஆயில் மாற்றம் என்பது, டர்போசார்ஜர் பொருத்திய சிறு காரின் எஞ்சினில் உழைத்து வலுவிழந்த உயவு எண்ணெயை வடித்துவிட்டு, ஆயில் ஃபில்டரையும் வடிகால் போல்ட்டின் வாஷரையும் மாற்றி, தயாரிப்பாளர் குறித்த தரத்திலும் அளவிலும் புது ஆயிலை ஊற்றும் பராமரிப்பு வேலையாகும். ஹேட்ச்பேக் என்பது டிக்கி தனியாகப் பிதுங்காமல், பின்கதவு கண்ணாடியோடு சேர்ந்து மேல்நோக்கித் திறக்கும் வகைக் கார். செய்முறையைப் பொறுத்தவரை இந்த வேலை டர்போ இல்லாத காரில் செய்வதிலிருந்து பெரிதும் வேறுபடுவதில்லை. எஞ்சின் எவ்வளவு தவறைப் பொறுத்துக்கொள்ளும் என்பதே வேறுபடுகிறது. தரம் குறைந்த ஆயிலையும் தள்ளிப்போட்ட சர்வீஸையும் சாதாரண எஞ்சின் பல ஆண்டுகள் தாங்கிவிடக்கூடும்; டர்போ எஞ்சினில் அதே அலட்சியம் முதலில் டர்போவின் தண்டைத் தாக்குகிறது.

எஞ்சினை விட்டு வெளியேறும் சூடான புகையின் விசையால் ஒரு சுழலியைச் சுழற்றி, அதே தண்டின் மறுமுனையில் உள்ள அமுக்கிச் சக்கரத்தால் காற்றை அழுத்தி எஞ்சினுக்குள் செலுத்தும் கருவியே டர்போசார்ஜர். சுவிட்சர்லாந்துப் பொறியாளர் ஆல்பிரட் பூச்சி 1905-இல் இக்கருத்துக்குக் காப்புரிமை பெற்றார். இந்தியாவில் டர்போ என்றால் அண்மைக்கால பெட்ரோல் கார்களே பலர் நினைவுக்கு வருகின்றன என்றாலும், சாலையில் ஓடிய டர்போ ஹேட்ச்பேக்குகளில் பெரும்பகுதி டீசல் கார்களே. 2007-இல் வந்த மாருதி ஸ்விஃப்ட் டீசலின் 1,248 சி.சி. எஞ்சினிலும், மறைமலை நகரில் தயாரான ஃபோர்டு ஃபிகோ டீசலின் எஞ்சினிலும் டர்போ இருந்தது. உரிமையாளர்களில் பலர் அதை அறியாமலே ஓட்டி வந்தனர். பெட்ரோல் வகையில் 2013-இல் ஃபோக்ஸ்வாகன் போலோ ஜி.டி., 2017-இல் மாருதி பலேனோ ஆர்.எஸ்., 2020-இல் ஸ்ரீபெரும்புதூரை அடுத்த இருங்காட்டுக்கோட்டையில் தயாராகும் ஹூண்டாய் ஐ20-யின் டர்போ வகை, 2021-இல் டாடா அல்ட்ராஸ் ஐ-டர்போ ஆகியவை வந்தன. ஐ20-யின் 998 சி.சி. மூன்று சிலிண்டர் எஞ்சின் 120 குதிரைத்திறனையும் 172 நியூட்டன் மீட்டர் இழுவையையும் தருகிறது. ஒரு லிட்டருக்கும் குறைந்த எஞ்சினிலிருந்து இவ்வளவு வேலை வாங்குவதன் சுமை, இறுதியில் நான்கு லிட்டருக்குக் கூடவோ குறையவோ உள்ள ஆயிலின் மீதே விழுகிறது.

சிறு காரின் டர்போ தண்டு முழு வேகத்தில் நிமிடத்துக்கு 2,00,000 சுற்றுகளையும் தாண்டிச் சுழலக்கூடியது. இந்த வேகத்தில் உலோகம் உலோகத்தைத் தொட்டால் தாங்காது என்பதால், பெரும்பாலான டர்போக்களில் தண்டும் அதைத் தாங்கும் புஷ்ஷும் ஆயில் படலத்தின் மேல் மிதக்கின்றன. அவற்றுக்கு இடையிலான வெளி ஒரு மில்லிமீட்டரில் நூறில் சில பங்குதான். சுழலியைத் தாக்கும் புகையின் வெப்பம் பெட்ரோல் எஞ்சினில் 950 டிகிரி செல்சியஸை எட்டுவதும் உண்டு. எனவே இங்கே ஆயிலுக்கு இரண்டு கடமைகள்: தண்டை மிதக்க வைப்பது, அங்குள்ள சூட்டைச் சுமந்து சம்ப்புக்குக் கொண்டுசேர்ப்பது. சம்ப் என்பது எஞ்சினின் அடியில் ஆயில் தேங்கும் தொட்டி. ஆயில் டர்போவுக்கு மெல்லிய குழாய் வழியே அழுத்தத்தோடு ஏறுகிறது. திரும்பும்போது எந்த அழுத்தமும் இன்றித் தன் எடையாலேயே வழிந்து இறங்குகிறது. ஆயில் மாற்றத்தின்போது நேரும் பல பிழைகளின் விளைவை இந்த இரண்டு குழாய்களைக் கொண்டே விளக்கிவிடலாம்.

கடுமையாக ஓட்டிய எஞ்சினைச் சட்டென்று அணைத்தால் ஆயில் ஓட்டம் நின்றுவிடுகிறது. சுழலியில் தேங்கிய சூடு தண்டு வழியே ஊர்ந்து, அங்கே தங்கிய சிறிதளவு ஆயிலைக் கருக்கிக் கெட்டிக் கரியாக்குகிறது. இக்கரி படிந்து ஏற்றக் குழாய் குறுகும்போது தண்டுக்கு ஆயில் தட்டுப்பாடு ஏற்படுகிறது. டர்போ காரை அணைப்பதற்கு முன் ஓரிரு நிமிடம் ஐடிலில் ஓடவிட வேண்டும் என்ற பழைய அறிவுரையின் காரணம் இதுவே. இன்றைய டர்போக்களின் உடலில் தண்ணீரும் ஓடுவதாலும், சில கார்களில் எஞ்சின் நின்ற பிறகும் சிறு மின்பம்பு அதைச் சுழற்றிக்கொண்டிருப்பதாலும், அன்றாட நகர ஓட்டத்துக்கு அந்த அறிவுரை ஏறத்தாழத் தேவையற்றதாகிவிட்டது. கொல்லிமலையின் 70 கொண்டை ஊசி வளைவுகளை ஏறி முடித்த கையோடு வண்டியை அணைப்பவருக்கு மட்டும் அது இன்னும் பொருந்தும்.

பெட்ரோல் டர்போ எஞ்சின்களில் பெரும்பாலானவை பெட்ரோலை நேரே சிலிண்டருக்குள் பீய்ச்சுபவை. எஞ்சின் சூடேறுவதற்குள் முடிந்துவிடும் குறும்பயணங்களில், ஆவியாகாத பெட்ரோல் சிலிண்டர் சுவர் வழியே கசிந்து ஆயிலில் கலந்து அதை நீர்க்கச் செய்கிறது. டிப்ஸ்டிக்கில் ஆயில் மட்டம் குறையாமல் ஏறுவதும் அதில் பெட்ரோல் வாடை அடிப்பதும் இதன் அடையாளங்கள். இவ்வகை எஞ்சினுக்கே உரிய மற்றொரு தொல்லை, குறைவேக முன்பற்றல். மேல் கியரில், 1,500 முதல் 2,000 சுற்றுகளுக்குள், ஆக்ஸிலேட்டரை ஆழ மிதிக்கும்போது, ஆயிலும் பெட்ரோலும் கலந்த துளியொன்று ஸ்பார்க் பிளக் பொறி விடுவதற்கு முன்பே பற்றிக்கொள்வதை இது குறிக்கிறது. அதனால் எழும் அழுத்தம் பிஸ்டனையே உடைக்கவல்லது. ஆயிலில் அழுக்கு நீக்கியாகச் சேர்க்கப்படும் கால்சியம் உப்புகள் இதைத் தூண்டுகின்றன என்று தெரியவந்ததும், அவற்றில் ஒரு பகுதிக்கு ஈடாக மக்னீசியம் உப்புகளைச் சேர்த்த ஆயில்கள் வந்தன. அமெரிக்கப் பெட்ரோலியக் கழகம் 2018-இல் எஸ்.என். பிளஸ் தரத்தையும், 2020 மே மாதத்தில் எஸ்.பி. தரத்தையும் வெளியிட்டதற்கு இது ஒரு முக்கியக் காரணம். ஆகவே பெட்ரோல் டர்போ காருக்கு வாங்கும் டப்பாவில் எஸ்.பி. அல்லது அதற்குப் பிந்தைய குறி இருக்கிறதா என்று பார்ப்பது, அது சிந்தடிக் ஆயிலா என்று கேட்பதைவிடப் பயனுள்ளது.

டீசல் எஞ்சினில் கதை வேறு. அங்கே ஆயில் சில நூறு கிலோமீட்டரிலேயே கறுத்துவிடும். எரிதலில் உண்டாகும் புகைக்கரியை ஆயில் தன்னுள் தாங்கிப் பிடித்திருப்பதன் அறிகுறியே அந்தக் கறுப்பு. அதை மட்டும் வைத்து ஆயில் கெட்டது என்று சொல்ல முடியாது. பிஎஸ்-6 டீசல் கார்களில் கரியைப் பிடிக்கும் வடிகட்டி புகைக்குழாயில் இருப்பதால், எரிந்தபின் சாம்பல் குறைவாக விடும் ஆயிலையே ஊற்ற வேண்டும். தவறான ஆயிலின் சாம்பல் அந்த வடிகட்டியை அடைத்துவிடும், அந்தச் சாம்பலைச் சூடாக்கி எரித்துப் போக்கவும் வழியில்லை.

ஆயிலின் பாகுநிலை, அதாவது எவ்வளவு தடித்து அல்லது இளகி ஓடுகிறது என்ற தன்மை, அமெரிக்க வாகனப் பொறியாளர் சங்கத்தின் அளவுமுறைப்படி 5டபிள்யூ-30 என்பது போல் குறிக்கப்படுகிறது. டபிள்யூ என்பது குளிர்காலத்தைக் குறிக்கும். அதற்கு முன்னுள்ள எண் குறைவாக இருக்குமளவு குளிரில் ஆயில் எளிதாக ஓடும். பின்னுள்ள எண், 100 டிகிரியில் உள்ள தடிப்பைச் சொல்லும். வெயில் நாட்டுக்கு முதல் எண் தேவையில்லை என்ற வாதம் ஒர்க்‌ஷாப்களில் அடிக்கடி கேட்கக் கிடைப்பது; ஆனால் 5டபிள்யூ-30 ஆயிலே 40 டிகிரியில், 100 டிகிரியில் உள்ளதைப் போல ஐந்தாறு மடங்கு தடிப்பாக இருப்பதால், சென்னையின் காலை வெப்பத்திலும் எஞ்சினைப் பொறுத்தவரை அது குளிர்ந்த ஆயில்தான். இரண்டு டப்பாக்களில் ஒரே எண் இருப்பதால் அவை ஒன்றே என்றும் கொள்ள முடியாது. 150 டிகிரியில், இரு பரப்புகளுக்கு இடையே அதிவேகமாக நசுக்கப்படும் நிலையில், 30 எண் ஆயிலின் பாகுநிலை குறைந்தது 2.9 மில்லிபாஸ்கல் விநாடி இருந்தால் போதும். ஐரோப்பியக் கார் தயாரிப்பாளர் சங்கத்தின் சி3 தரமோ 3.5 கேட்கிறது. டர்போவின் தண்டு வாழ்வது சூடும் நசுக்கலும் மிகுந்த இந்தச் சூழலில்தான் என்பதால், கையேட்டில் எண்ணோடு தரக்குறியும் அச்சிடப்பட்டிருந்தால் இரண்டுமே பொருந்த வேண்டும்.

தவறான ஆயிலின் விளைவு டர்போவோடு நிற்காத எஞ்சின்களும் உண்டு. ஃபோர்டின் 999 சி.சி. ஈகோபூஸ்ட் எஞ்சினின் பல வடிவங்களில் டைமிங் பெல்ட் ஆயிலுக்குள் நனைந்தே ஓடுகிறது. அதற்கெனக் குறித்த ஆயிலை விடுத்து வேறொன்றை ஊற்றினால் பெல்ட் உதிர்ந்து, அதன் துகள் ஆயில் பம்பின் உறிஞ்சு வலையை அடைக்கும் அபாயம் உள்ளது.

இந்தியக் கையேடுகள் பெரும்பாலும் 10,000 அல்லது 15,000 கிலோமீட்டர், அல்லது ஓராண்டு, இவற்றில் எது முந்துகிறதோ அதையே தவணையாகக் குறிக்கின்றன. அதே கையேட்டின் பிற்பக்கமொன்றில் 'கடுமையான பயன்பாடு' என்ற தலைப்பில் தவணையை ஏறத்தாழப் பாதியாக்கச் சொல்லும் பட்டியல் இருக்கும்: குறும்பயணம், நெரிசலில் நின்று நின்று ஓடுதல், தூசி, கடும் வெயில். இந்திய நகரங்களில் கார் ஓட்டுவதன் இலக்கணத்தையே அப்பட்டியல் எழுதி வைத்திருக்கிறது. ஆகவே நகரத்து டர்போ காருக்கு விதிவிலக்காகச் சொல்லப்பட்ட தவணையே விதியாகப் பொருந்துகிறது.

வேலையைத் தொடங்குமுன் எஞ்சினைச் சில நிமிடம் ஓடவிட்டு ஆயிலை இளஞ்சூடாக்க வேண்டும். கொதிக்கும் நிலையில் இறங்கினால் டர்போவும் புகைக்குழாயும் கையைச் சுட்டுவிடும். வண்டியைச் சமதளத்தில் நிறுத்தி, ரேம்ப்பில் ஏற்றியோ ஜாக்கியால் தூக்கி ஸ்டாண்டுகளில் இருத்தியோ அடிக்கவரைக் கழற்றுகின்றனர். ஜாக்கியை மட்டும் நம்பிக் காரின் அடியில் படுப்பது உயிருக்கு ஆபத்து. மேலே ஆயில் மூடியைத் திறந்துவிட்டு, கீழே வடிகால் போல்ட்டைக் கழற்றினால் ஆயில் தடையின்றி இறங்கும். தாரை நின்று சொட்டாகும்வரை காத்திருக்க வேண்டும். சம்ப் பல கார்களில் அலுமினியத்தால் ஆனது என்பதால், போல்ட்டைத் திரும்பப் பூட்டும்போது வலுவைக் காட்டினால் மரை போய்விடும். பெரும்பாலான சிறு கார்களுக்கு 30 முதல் 40 நியூட்டன் மீட்டர் முறுக்கே போதும். இதை அளந்து முறுக்க டார்க் ரெஞ்ச் என்ற கருவி உண்டு. நசுங்கி அடைப்பதற்கென்றே செய்யப்பட்ட வாஷரை ஒவ்வொரு முறையும் புதிதாகப் போட வேண்டும்.

ஃபில்டர் இரு வகைப்படும்: தகர உறையோடு முழுதாகத் திருகி மாற்றுவது ஒன்று, உறை எஞ்சினிலேயே இருக்க, உள்ளிருக்கும் மடிப்புக் காகிதத்தை மட்டும் மாற்றுவது மற்றொன்று. முதல் வகையில் பழைய ஃபில்டரின் ரப்பர் வளையம் எஞ்சினிலேயே ஒட்டிக்கொண்டு நின்றுவிடுவது உண்டு. அதைக் கவனியாமல் புதியதைப் பூட்டினால் இரட்டை வளையத்தின் இடுக்கு வழியே ஆயில் பீறிட்டு வெளியேறிவிடும். புது வளையத்தில் சிறிது ஆயில் தடவி, தொட்டபின் முக்கால் சுற்றளவு கையால் இறுக்குவது பொது வழக்கம். நல்ல ஃபில்டருக்குள் ஒரு தடுப்பு வால்வு இருக்கும். எஞ்சின் நின்றதும் ஆயில் முழுதும் சம்ப்புக்கு இறங்கிவிடாமல் அது தேக்கி வைக்கிறது. மலிவான போலி ஃபில்டரில் இந்த வால்வு சரிவர அடைக்காதபோது, ஒவ்வொரு காலையும் டர்போ சில நொடி ஆயிலின்றியே சுழலத் தொடங்குகிறது.

புது ஆயிலை முழு அளவில் ஒரே மூச்சில் ஊற்றாமல், அரை லிட்டர் குறைவாக ஊற்றி, டிப்ஸ்டிக்கைப் பார்த்துப் பார்த்துக் கூட்டுவதே முறை. மட்டம் குறைவதன் தீமை எல்லோரும் அறிந்தது. கூடுவதன் தீமை டர்போ காரில் தனித்தன்மை கொண்டது. சம்ப்பில் மட்டம் ஏறும்போது டர்போவிலிருந்து தன் எடையால் இறங்க வேண்டிய ஆயில் தேங்குகிறது. தேங்கியது தண்டின் முனைகளில் உள்ள வளையங்களைக் கடந்து காற்றுக் குழாயிலும் புகைக்குழாயிலும் கசிய, பின்னால் நீலப்புகை எழும்புகிறது. டர்போ போய்விட்டது என்று முடிவு கட்டுவதற்கு முன், டிப்ஸ்டிக்கை ஒருமுறை உருவிப் பார்ப்பது செலவைத் தவிர்க்கக்கூடும்.

முதல் ஓட்டத்தில் ஃபில்டரும் குழாய்களும் காலியாக இருப்பதால், சிவப்பு ஆயில் விளக்கு அணையும்வரை ஐடிலில் மட்டுமே விட வேண்டும். விளக்கு எரியும்போதே ஆக்ஸிலேட்டரை மிதித்தால் டர்போ தண்டு வறண்டு சுழலும். பிறகு எஞ்சினை அணைத்து, ஐந்து நிமிடம் கழித்துக் கசிவையும் மட்டத்தையும் மறுபடி பார்த்து, மீட்டரில் சர்வீஸ் நினைவூட்டலைத் திருத்துவதோடு காரில் செய்ய வேண்டிய வேலை முடிகிறது.

காலி டப்பாவையும் வடித்த ஆயிலையும் என்ன செய்வது என்பது மீதமிருக்கிறது. போலி ஆயில் நடமாட்டம் உள்ள சந்தையில், அசல் டப்பா முழுதாக வெளியே போனால் அது மறுபடி நிரம்பி வர வாய்ப்புண்டு என்பதால், விவரமறிந்தவர்கள் அதை ஓட்டை போட்டே எறிகின்றனர். பழைய ஆயில் கட்டுமானத் தளங்களில் சென்ட்ரிங் பலகைக்குப் பூசவும், மரத்தைச் செல் அரிக்காமல் காக்கத் தடவவும் இன்றும் வாங்கப்படுகிறது. அதில் உலோகத் துகளும் புற்றுநோய் உண்டாக்கவல்ல கரிமச் சேர்மங்களும் இருப்பதால், கையுறையின்றித் தொடுவதும் சாக்கடையில் ஊற்றுவதும் தவறு. இந்திய விதிகளும் அதை அபாயக் கழிவாகவே வகைப்படுத்துகின்றன. 2023-இல் திருத்தப்பட்டு 2024 ஏப்ரல் 1 முதல் நடைமுறைக்கு வந்த விதிகளின்படி, விற்ற ஆயிலில் குறிப்பிட்ட பங்கு மறுசுழற்சியாவதை உறுதி செய்யும் பொறுப்பு தயாரிப்பாளர்களையும் இறக்குமதியாளர்களையும் சேர்கிறது. முறையாகச் சேகரித்த பழைய ஆயிலை வடித்துச் சுத்திகரித்து மீண்டும் அடிப்படை எண்ணெயாக்க முடியும்.