உள்ளே திரும்பிய முள்

நாயின் கழுத்துப்பட்டையில் முள் முதலில் வெளிப்பக்கம் பார்த்துத்தான் இருந்தது. ரோமானிய அறிஞர் வார்ரோ கி.மு. 37இல், எண்பது வயதில், வேளாண்மை பற்றி ஒரு நூல் எழுதினார். ஆட்டுமந்தையைக் காக்கும் நாய்க்குப் பட்டை செய்வது எப்படி என்று அதில் சொல்கிறார். தடித்த தோலில் ஆணிகளை அடிக்க வேண்டும். ஆணித்தலைகளுக்கு அடியில் மெல்லிய தோல் ஒன்றை வைத்துத் தைக்க வேண்டும், இரும்பு நாயின் கழுத்தை உறுத்தாமல் இருக்க. ஓநாய் குரல்வளையைத்தான் கவ்வ வரும். அந்த ஆணியில் ஒருமுறை வாயைக் கிழித்துக்கொண்ட ஓநாய், பட்டை போடாத நாய்களையும் நெருங்காது என்பது அவர் கணக்கு.

இமாசல மலைகளில் ஆடு மேய்ப்பவர்கள் சிறுத்தைக்கு அஞ்சித் தங்கள் நாய்களுக்கு இன்றும் இரும்புப் பட்டை மாட்டுகிறார்கள். துருக்கியின் கங்கல் நாய்களின் கழுத்தில் உள்ள நீண்ட முட்களும் வெளியே பார்ப்பவைதான். இன்று ஜெபல் அலியிலோ டொராண்டோவிலோ செல்லப்பிராணிக் கடையில் விற்கும் முள்பட்டையில் முனைகள் நாயின் தொண்டையைப் பார்த்து இருக்கின்றன. பொருள் கிட்டத்தட்ட அதேதான், திசை மட்டும் மாறியிருக்கிறது. அந்தத் திசைமாற்றத்தின் கதையைத்தான் இங்கே சொல்ல வருகிறேன்.

பட்டை என்றாலே அடக்குமுறை என்று கொள்ள வேண்டியதில்லை. 1899இல் விக்தர் லோரே எகிப்தின் அரசர் பள்ளத்தாக்கில் மைஹெர்ப்ரி என்பவரின் கல்லறையைத் திறந்தபோது, உள்ளே இரண்டு நாய்ப்பட்டைகள் கிடைத்தன. ஒன்றில் குதிரைகளின் உருவம். மற்றொன்றில் நாயின் பெயரே எழுதியிருந்தது: தந்தனுயித். மூவாயிரம் ஆண்டுக்கு மேல் பழைய அந்தத் தோலில் இருப்பது பெருமிதம், கொஞ்சம் பாசம்.

நம் பக்கம் நாயின் பெயரைக் கல்லில் எழுதினோம். செங்கம் பகுதியில் எடுத்தனூர் நடுகல் முதலாம் மகேந்திரவர்மனின் 34ஆம் ஆட்சியாண்டைச் சேர்ந்தது. எருமை மந்தையைக் காக்கும் சண்டையில் இறந்த கருந்தேவக்கத்தி என்ற வீரனுக்கு எடுத்த கல் அது. அவன் உருவத்துக்குப் பக்கத்தில் ஒரு நாயும் நிற்கிறது. அதன் பெயர் கோவிவன் என்றும், இரண்டு கள்வரைக் கடித்துக் காவல் நின்றது என்றும் கல்வெட்டு சொல்கிறது. மூன்று நூற்றாண்டு கழித்து, மண்டியா மாவட்டத்து ஆதகூர்க் கல்லில் காளி என்ற வேட்டைநாய் வருகிறது. தக்கோலம் போரில் சோழ இளவரசன் இராசாதித்தன் வீழ்ந்தபின், கங்க மன்னன் இரண்டாம் பூதுகன் தன் வீரன் மணலேரனை விரும்பியதைக் கேட்கச் சொன்னான். அவன் கேட்டது காளியை. பிறகு ஒரு காட்டுப்பன்றியோடு மோதிக் காளியும் பன்றியும் சேர்ந்து மடிந்தன. நமக்கு ஒரு இளவரசனைப் பறித்த போருக்குப் பரிசாகக் கைமாறியது ஒரு நாய் என்பதை நினைத்தால் எனக்கு இன்றும் வியப்புதான். அந்தக் கல் இப்போது பெங்களூரு அருங்காட்சியகத்தில் இருக்கிறது.

மாட்டுக்கு மூக்கணாங்கயிறும் யானைக்கு அங்குசமும் நம்மிடம் உண்டு. நாய்க்கு நம் வீடுகளில் புழங்குவது பெல்ட்டும் செயினும்தான். இரண்டு சொற்களுமே ஆங்கிலத்தோடு வந்தவை.

முள் உள்ளே திரும்பியது ஐரோப்பிய வேட்டைக்களத்தில். பறவையைக் கண்டால் பாயாமல் நிற்க வேண்டும், சுட்டு விழுந்ததைக் கடிக்காமல் கொண்டுவர வேண்டும் என்று நாயிடம் எதிர்பார்த்தார்கள். இயல்புக்கு நேர் எதிரான இந்த வேலையைப் பழக்குவதை ஆங்கிலத்தில் நாயை 'உடைப்பது' என்றே சொன்னார்கள். 19ஆம் நூற்றாண்டில் அவர்கள் கையில் உட்புறம் முள் வைத்த பட்டை இருந்தது. எதிர்க்குரலும் அப்போதே எழுந்தது. அமெரிக்காவில் ஹாம்மண்ட் என்பவர் 1882இல், உடைக்க வேண்டாம், பழக்குவோம் என்று தன் நூலின் தலைப்பிலேயே வாதாடி, இறைச்சித் துண்டு கொடுத்துக் கற்பிக்கும் முறையை விவரித்தார். அவரை ஏறக்குறைய மறந்துவிட்டோம்.

மறக்கப்படாதவர் கொன்ராட் மோஸ்ட். ஜெர்மன் போலீஸ்காரரான இவர் 1910இல் எழுதிய பயிற்சி நூல்தான் இன்றைய போலீஸ், ராணுவ நாய்ப் பயிற்சிக்கு அடித்தளம். முள்பட்டையும் சாட்டையும் அதில் உண்டு. அதே நூலில், நாய்க்கு நம் நோக்கம் புரியாது, தன் செயலை ஒட்டி உடனே என்ன நடக்கிறது என்பது மட்டுமே புரியும் என்ற தெளிவும் உண்டு. ஸ்கின்னர் தன் முதல் பெரிய நூலை வெளியிட்டது 1938இல். அதற்கு 28 ஆண்டு முன்பே கற்றல் விதிகளைக் களத்தில் கண்டுகொண்டவர் மோஸ்ட். அவரைக் கொடுமைக்காரர் என்று ஒதுக்குபவர்களும், அவர் பெயரைச் சொல்லிப் பட்டையைச் சுண்டுபவர்களும் அந்த நூலில் பாதியைத்தான் வாசித்திருக்கிறார்கள்.

வீட்டு நாய்க்கு இந்த முறையைக் கொண்டுவந்தவர் வில்லியம் கோலர். டிஸ்னி படங்களுக்கு விலங்குகளைப் பழக்கியவர். 1962இல் வந்த அவருடைய நூலில் முதல் பாடம் எளிமையானது. 15 அடி நீளக் கயிறு, சுருக்குச் சங்கிலி, வாய் பேசாமல் நடப்பது. நாய் வேறு பக்கம் பார்க்கும் நேரத்தில் சட்டென்று எதிர்த்திசையில் திரும்பிவிட வேண்டும். கயிறு தீரும்போது சங்கிலி இறுகும். சில நாளில் நாய் கண்ணை எடுக்காமல் நம்மையே பார்த்து நடக்கத் தொடங்கும்.

சங்கிலி மாட்டுவதிலும் ஒரு நுணுக்கம் உண்டு. நாய் நம் இடப்பக்கம் நடக்கிறதென்றால், கயிறு கோத்த முனை கழுத்தின் மேற்புறமாக வளையத்துக்குள் நுழைய வேண்டும். அப்படி மாட்டினால் கயிற்றைத் தளர்த்தியதும் சங்கிலி தன் எடையிலேயே விழுந்துவிடும். தலைகீழாக மாட்டினால் இறுகியது இறுகியபடியே நிற்கும், நாய்க்கு எந்தச் செயல் சரி என்ற செய்தியே போய்ச் சேராது. இக்கருவியில் பாடம் இறுக்கத்தில் இருப்பதைவிட விடுவிப்பில்தான் இருக்கிறது. முள்பட்டை காதுக்குப் பின்னால், கழுத்தின் உச்சியில், கண்ணிகளைக் கழற்றி அளவு பார்த்துப் பொருந்த வேண்டும். மாலைபோலத் தொங்கக் கூடாது. அதில் நாயைக் கட்டிப்போடவும் கூடாது. மின்பட்டையை நாள் முழுக்கப் போட்டுவைத்தால் முனை படும் இடத்தில் தோல் புண்ணாகும். இதை வாங்குபவர்களில் எத்தனை பேருக்கு இவ்வளவும் சொல்லித் தருகிறார்கள்?

சொல்லித் தந்தாலும் போதுமா என்பதற்கு 1966இல் அஸ்ரின், ஹோல்ஸ் என்ற இரு உளவியலாளர்கள் ஒரு பதில் எழுதினார்கள். தண்டனை எப்போது வேலை செய்யும் என்று பல ஆண்டுச் சோதனைகளைத் தொகுத்தபோது அவர்கள் கண்டவை: தவறு நடந்த கணத்திலேயே தண்டனை வர வேண்டும். ஒருமுறைகூடத் தவறாமல் வர வேண்டும். முதலிலேயே போதிய வலுவோடு வர வேண்டும், சிறிது சிறிதாகக் கூட்டினால் விலங்கு பழகிக்கொள்ளும். எல்லாவற்றுக்கும் மேல், அதே பலனைப் பெற விலங்குக்கு வேறொரு வழி திறந்திருக்க வேண்டும். இந்தக் கடைசி நிபந்தனையைத்தான் கடைக்காரர் சொல்வதில்லை. தாவாதே என்று சுண்டினால் மட்டும் போதாது. உட்கார்ந்தால் விருந்தாளி வந்து தடவுவார் என்பதை நாய் முன்பே கற்றிருக்க வேண்டும். நீடிக்கும் மாற்றம் அந்த இரண்டாவது பாடத்தில் இருக்கிறது. அதைச் சரியாகக் கற்பித்துவிட்டவருக்குப் பெரும்பாலும் முதல் பாடம் தேவைப்படுவதில்லை.

மாலை ஏழு மணிக்கு மேல், நடைபாதைச் சூடு தணிந்தபின், ஜெபல் அலி கிராமத்தின் உட்சாலைகளில் நாய்கள் வெளியே வரும். துறைமுகம் கட்ட வந்தவர்களுக்காக 1970களில் எழுந்த குடியிருப்பு அது. கயிற்றைப் பிடித்திருப்பவர் பெரும்பாலும் நாயின் சொந்தக்காரர் அல்ல, அந்த வீட்டில் வேலை செய்பவர். சிவகாசிப் பக்கத்துக்காரர் ஒருவரைக் கொஞ்ச நாளாகப் பார்க்கிறேன். பெரிய ஜெர்மன் ஷெப்பர்டு ஒன்றை நடத்திவருவார். ஒரு நாள் அதன் கழுத்தில் புதிதாக முள்பட்டை.

"அண்ணே, இதப் போட்டா ரெண்டே நாள்ல அடங்கிடும்னு கடைல சொன்னாங்களாம். மேடம் வாங்கிட்டு வந்துட்டாங்க. மொத நாள் நல்லாத்தான் இருந்துச்சு. இப்ப வேற நாயப் பாத்தாலே முன்னவிட மோசமாக் கத்துது."

காரணம் எளிது. எதிரே இன்னொரு நாய் தெரிகிறது, அதே நொடியில் கழுத்தில் குத்துகிறது. ஷெப்பர்டு கற்றது, குரைத்தால் வலிக்கும் என்பதை அல்ல, அந்த நாய் வந்தால் வலிக்கும் என்பதை. இதைவிட ஆபத்தானது, உறுமலுக்குத் தண்டனை கொடுப்பது. என் தொழிலில், எச்சரிக்கைச் செய்தியை அணைத்துவிட்டுப் பிழை தீர்ந்துவிட்டது என்று அறிக்கை அனுப்புகிறவர்கள் உண்டு. உறுமலை அடக்கிய நாயும் அப்படித்தான். அடுத்த முறை முன்னறிவிப்பு இல்லாமல் கடிக்கும்.

அந்த மேடத்தையும் என்னால் குறை சொல்ல முடியவில்லை. பொது இடத்தில் வார் இல்லாமல் நாயைக் கொண்டுவரக் கூடாது என்பது இங்கே 2016ஆம் ஆண்டின் 22ஆம் எண் கூட்டாட்சிச் சட்டம். பக்கத்து வீட்டுக்காரர் புகார் கொடுத்தால் வாடகை வீட்டுக்கே சிக்கல். ஊரைவிட்டுப் போகும் குடும்பங்கள் விட்டுச்செல்லும் நாய்களால் காப்பகங்கள் நிரம்பிக் கிடக்கின்றன. நாய் அடங்காவிட்டால் அதை யாரிடமாவது தள்ளிவிட வேண்டும், அதற்கு இந்தப் பட்டை மேல் அல்லவா என்று அவர் நினைத்திருக்கலாம். அந்த வாதத்தில் நியாயம் இருக்கிறது. ஆனால் தள்ளிவிடாமல் காப்பாற்றுமா என்பதுதான் கேள்வி. பிரிட்டனின் லிங்கன் பல்கலைக்கழகத்தினர் 2014இல் வெளியிட்ட ஆய்வில், கூப்பிட்டால் வராத, ஆடு துரத்தும் வகையான 63 நாய்களை எடுத்துக்கொண்டார்கள். சில நாய்களுக்குத் தேர்ந்த பயிற்சியாளர்கள் மின்பட்டையோடு பயிற்சி கொடுத்தார்கள், மற்றவற்றுக்கு அது இல்லாமல். மின்பட்டைக் குழுவில் பலன் ஒன்றும் கூடுதலாக இல்லை, பதற்றத்தின் அறிகுறிகள்தான் கூடுதலாகத் தெரிந்தன. அதுவும் தேர்ந்தவர்கள் கையில்.

துபாய் விமான நிலையத்தில் 2020இல் பயணிகளின் வியர்வை மாதிரியை முகர்ந்து கொரோனாவைக் கண்டுபிடிக்க நாய்களைப் பயன்படுத்தினார்கள். இப்படி மோப்பம் பிடிக்கும் நாய்கள் உலகெங்கும் பெரும்பாலும் ஒரு பந்துக்காகவோ தீனிக்காகவோதான் வேலை செய்கின்றன. முகர மாட்டேன் என்ற நாயை வலி கொடுத்து முகரவைக்க முடியாது.

'நீதான் தலைவன் என்று காட்டு' என்று இன்னமும் சொல்பவர்களுக்காக ஒரு வரி. அந்தக் கருத்துக்கு வேர், ருடால்ஃப் ஷெங்கல் 1947இல் வெளியிட்ட ஆய்வு. பாசல் விலங்குக்காட்சி சாலையில், ஒன்றுக்கொன்று உறவில்லாத ஓநாய்களை ஒரே அடைப்பில் வைத்துப் பார்த்தது அது. 1970இல் அதைப் பரப்பிய டேவிட் மெக், காட்டு ஓநாய்க் கூட்டம் என்பது தாயும் தகப்பனும் குட்டிகளும் சேர்ந்த குடும்பம்தான் என்று 1999இல் தானே எழுதித் திருத்தினார்.

மோஸ்டின் நாடு இப்போது எங்கே நிற்கிறது? ஜெர்மனியின் உச்ச நிர்வாக நீதிமன்றம் 2006இல் மின்பட்டைப் பயிற்சி சட்டத்துக்கு விரோதம் என்றது. 2022 ஜனவரி 1 முதல் முள்பட்டையும் பயிற்சிக்குத் தடை. தடை வந்ததும் பெர்லின் போலீசின் பாதுகாப்பு நாய்ப் பிரிவு திண்டாடியது, பழைய முறையில் பழகிய நாய்களை வைத்துக்கொண்டு. நூறாண்டுப் பழக்கம் ஒரே புத்தாண்டு நாளில் சட்ட மீறல் ஆகிவிட்டது.

கன்னி, சிப்பிப்பாறை போன்ற நம் வேட்டைநாய்களுக்கும் அரபியரின் சலுகிக்கும் தலை கழுத்தைவிட ஒடுங்கியது. சாதாரணப் பட்டை தலைவழியே நழுவிவிடும். ஓரளவுக்கு மேல் இறுகாத, அகலமான மார்ட்டிங்கேல் பட்டை இவ்வகை நாய்களுக்கானது. அது திருத்துவதற்காக வந்ததல்ல, நாய் தொலைந்துபோகாமல் இருக்க வந்தது. மற்ற நாய்களுக்கு மார்புவார் போதும். பட்டையில் இழுக்கும்போது நாயின் கண்ணுக்குள் அழுத்தம் கூடுகிறது, மார்புவாரில் கூடுவதில்லை என்று 2006இலேயே அளந்திருக்கிறார்கள். சிவகாசிக்காரரிடம் இதைச் சொன்னேன். "மேடம்கிட்ட நீங்களே ஒரு வார்த்த சொல்லுங்கண்ணே, நான் சொன்னா எடுபடாது" என்றார். சொல்லியிருக்கிறேன். பட்டை இன்னும் மாறவில்லை.

ஊரில் பிரச்சினை முள் அல்ல, சங்கிலி. வாசலில் காலையிலிருந்து இரவுவரை மூன்றடிச் சங்கிலியில் கிடக்கும் நாயை 'நல்ல காவல் நாய், யாரையும் விடாது' என்று பெருமையாகச் சொல்வோம். அவிழ்த்தறியாத நாய்க்கு யாரைத்தான் விடத் தெரியும்? இதைச் சட்டத்தில் பெயர் சொல்லிக் குற்றமாக்க வழிவகுத்தவர் நம் ருக்மிணி தேவி அருண்டேல். நடனத்துக்காக மட்டுமே அவரை நினைவில் வைத்திருக்கிறோம். மாநிலங்களவை உறுப்பினராக அவர் கொண்டுவந்த தனிநபர் மசோதாவின் தொடர்ச்சியாக வந்ததுதான் 1960ஆம் ஆண்டின் விலங்கு வதைத் தடுப்புச் சட்டம். 1962இல் அமைந்த விலங்கு நல வாரியத்தின் முதல் தலைவரும் அவரே. அந்தச் சட்டத்தின் 11ஆம் பிரிவு, மட்டுமீறிக் குட்டையான அல்லது கனமான சங்கிலியில் விலங்கை நெடுநேரம் கட்டிவைப்பதையும், வழக்கமாகக் கட்டியே வைத்திருக்கும் நாயை நடக்கவிடாமல் இருப்பதையும் குற்றம் என்கிறது. முதல் தடவைக்கு அபராதம் பத்து ரூபாயிலிருந்து ஐம்பது ரூபாய்வரை. பல பத்தாண்டுகளுக்கு முன் எழுதிய தொகை அது.