கருவியின்றிக் கடல் கடந்தோர்

பசுபிக் சமுத்திரத்தில் ஹவாய், நியூசிலாந்து, ஈஸ்டர்த் தீவு ஆகிய மூன்றையும் மூலைகளாகக் கொண்ட பெரும் பரப்பிலே சிதறிக் கிடக்கும் தீவுகளின் பழங்குடிகள் பொலினீசியர் எனப்படுவர். திசையறி கருவியும் வரைபடமும் இல்லாத காலத்தில் இவர்கள் அத்தீவுகளை அடைந்தது எங்ஙனம் என்பது அறிஞரை நெடுங்காலம் மயக்கிய வினாவாகும்.

1769 இல் தாகித்தித் தீவை அடைந்த கப்பித்தான் குக், அங்கிருந்து துப்பையா என்பவரைத் தம் கப்பலில் அழைத்துச் சென்றார். பல தீவுகளின் இருப்பிடங்களைத் துப்பையா நினைவினின்றே எடுத்துரைத்தார். எனினும், நெடுந்தூரத் தீவுகளைப் பொலினீசியர் நாடிச் சென்றாரல்லர், காற்றாலும் நீரோட்டத்தாலும் அலைப்புண்டு தற்செயலாகவே சேர்ந்தனர் என 1956 இல் அன்ட்ரூ ஷார்ப் வாதித்தார்.

இவ்வாதத்தைச் சோதித்தறியும் பொருட்டு 1973 இல் ஹவாயிற் பொலினீசியக் கடற்பயணச் சங்கம் நிறுவப்பட்டது. பழைய முறையைத் தழுவி இரட்டைத் தோணியொன்று கட்டப்பெற்று, ஹொகுலேயா எனப் பெயர் பெற்றது. ஹவாயின் உச்சி வானைக் கடந்து செல்லும் சுவாதி நட்சத்திரத்தின் பெயர் அது. மரக்கலம் கிடைத்தது, மீகாமன் கிடைத்திலன். ஹவாயில் அக்கலை அற்றுப் போயிருந்தது. ஆகவே மைக்குரோனீசியாவின் சத்தவால் என்னும் சிறு தீவினரான மாவு பியாய்லுக் அழைக்கப்பட்டார்.

இளமையிலேயே பாட்டனாரிடம் பயின்றவர் அவர். வட்டமாக அடுக்கிய கற்களே அவர் கற்ற ஏடு. ஒவ்வொரு கல்லும் ஒரு நட்சத்திரம் உதிக்கும் அல்லது மறையும் திசையைக் காட்டும். விண்மீன் தோன்றா வேளையிற் கடலலையின் போக்கைத் தோணியின் அசைவினாலே உணர்வார். மாலையிற் கரை நோக்கிப் பறக்கும் புள்ளினங் கண்டு நிலத்தின் அண்மையை அறிவார். 1976 மே 1 ஆந் திகதி மாவுயித் தீவினின்று புறப்பட்ட ஹொகுலேயா, பூமத்திய ரேகைக்குத் தெற்கே துருவ நட்சத்திரமும் மறைந்துபோக, ஏறத்தாழ 2,500 மைல் கடந்து யூன் 4 ஆந் திகதி தாகித்தியை அடைந்தது. அத்துணைத் தூரம் கருவியின்றி நாடிச் செல்லுதல் இயலும் என்பது செயலால் நிறுவப்பட்டது.

குடிவழியாகப் போற்றப்பட்ட அவ்வித்தையைத் தம் தீவின் இளைஞர் புறக்கணித்தல் கண்ட மாவு, அதனைப் பிறருக்கும் கற்பித்தார். அவர்பாற் பயின்ற ஹவாயரான நைனோவா தொம்சன் 1980 இல் அதே வழியிற் கருவியின்றிச் சென்று மீண்டார். மாவு 2010 இல் மறைந்தார். ஹொகுலேயா 2014 முதல் 2017 வரை உலகையே வலம் வந்தது.

செய்மதி வழிகாட்டும் இந்நாளிலும், அதற்கு ஊறு நேருமாயின் என் செய்வது என அஞ்சிய அமெரிக்கக் கடற்படைக் கழகம், தான் கைவிட்டிருந்த விண்மீன் வழியறியும் பாடத்தை 2015 இல் மீண்டும் தொடங்கிற்று. கருவி பழுதுற்றால் வேறொன்று வாங்கலாம். ஆசிரியனிடமிருந்து மாணவனுக்குச் செல்லும் கல்வியோ ஒரு தலைமுறை அறுந்தால் அழிந்துபடும். அதனோடு முன்னோர் புகழும் ஐயத்துக்கிடமாகும். பொலினீசியரின் வரலாறு சத்தவால் மீகாமன் ஒருவரின் நினைவினாலே ஒளி பெற்றமை இதற்குச் சான்றாகும்.