துரையின் டெலிபோனும் கோர்ட் கடுதாசியும்

மலேசியாவின் கோல சிலாங்கூர் தோட்டங்களில் போலீஸை வரவழைக்க ஒரு காலத்தில் கோர்ட் எதற்கு? தோட்டத்தை நிர்வகித்த துரை டெலிபோனைத் தூக்கினால் போதும். தோட்டம் தனியார் நிலம். யார் உள்ளே வரலாம் என்பது அவர் விருப்பம். 1941இல் கிள்ளான் தோட்டத் தொழிலாளர்கள் வேலைநிறுத்தம் செய்தபோது கேட்டதைப் பாருங்கள். சம்பள உயர்வோடு சேர்த்து, துரையைக் கண்டால் சைக்கிளை விட்டு இறங்க மாட்டோம் என்றார்கள். உறவினர் தோட்டத்துக்குள் தடையில்லாமல் வந்துபோக வேண்டும் என்றார்கள். அத்தை வீட்டுக்கு வருவதற்கும் போராட்டம்! மே மாதம் வேலைநிறுத்தத் தலைவர் ஆர்.எச். நாதனைக் கைது செய்து இந்தியாவுக்கு நாடு கடத்தினார்கள். வேலைநிறுத்தம் எங்கள் பக்கமும் பரவியது. போலீசுக்குத் துணையாகப் பட்டாளமும் இறங்கி, ஐந்து பேர் சுட்டுக் கொல்லப்பட்டார்கள்.

நான் புக்கிட் ரோத்தான் பக்கத்து லயம் ஒன்றில் பிறந்தவன். வக்கீல் ஆபீஸ் குமாஸ்தாவாக இருந்து ஓய்வு பெற்றேன். ரப்பர் போய் செம்பனை வந்ததையும், செம்பனை போய் வீடமைப்புத் திட்டப் பலகைகள் நட்டதையும் பார்த்தாயிற்று. லயத்து வீடு வேலையோடு ஒட்டியது. வேலை போனால் வீடும் போகும். ஆனால் தோட்டத்தை வாங்கிய புது முதலாளி ஆள் வைத்துக் கூரையைப் பிரிக்க முடியாது. பாலாய்க்கு, அதாவது போலீஸ் நிலையத்துக்குப் போனால், “இது சிவில் கேஸ், கோர்ட்டுக்குப் போங்க” என்பார்கள்.

கோர்ட்டில் அதற்கென்று ஒரு வழி இருக்கிறது. 1980இன் உயர்நீதிமன்ற விதிகளிலும், பிறகு வந்த 2012இன் நீதிமன்ற விதிகளிலும் அது 89ஆவது கட்டளை. அனுமதியின்றிக் குடியிருப்பவர்களிடமிருந்து நிலத்தை மீட்கும் சுருக்க வழக்கு. குடியிருப்பவர் பெயர் தெரியாவிட்டாலும் வழக்குப் போடலாம். சம்மனை வாசற்கதவில் ஒட்டினால் போதும். ஒருமுறை அப்படி ஒட்டிய தாளைக் கிழியாமல் பிய்த்து, பிளாஸ்டிக் பைக்குள் வைத்து ஓர் அம்மா கொண்டுவந்தார்.

“தம்பி, இதுல எம்பேரு எங்க இருக்கு?”

“பேரு இல்லக்கா. குடியிருப்போர்னுதான் போட்டிருக்கு.”

“பெரட்டுல தெனம் கூப்பிட்ட பேராச்சே!”

எனக்குப் பதில் வரவில்லை. தினமும் பெரட்டில் வருகை எடுக்கும்போது கூப்பிட்டு, செக்ரோல் என்ற சம்பளப் பதிவேடு முழுக்கப் பெயர் இருந்தவர்கள், நிலம் கைமாறியதும் பெயரற்றவர்களாகிவிடுகிறார்கள்.

உத்தரவு கிடைத்த கையோடு போலீஸ் வந்துவிடாது. வெளியேற்றும் ஆணையைத் தனியாக வாங்க வேண்டும். அதற்குப் பிறகுதான் பேலிஃப் என்ற கோர்ட் அதிகாரி தேதி குறித்து, பாலாய்க்குக் கடிதம் எழுதித் துணை கேட்பார். போலீஸ் பாதுகாப்பு அவருக்குத்தான். கட்டிலையும் சாமி படத்தையும் வெளியே தூக்கி வைப்பது வேறு ஆட்கள். போலீஸ்காரர் ஓரமாக நின்று கலவரம் வராமல் பார்த்துக்கொள்வார். சனங்களுக்கு இந்த வித்தியாசம் எடுபடாது. பூட்ஸ் சத்தம் எல்லாம் ஒன்றுதான்.

இருந்தாலும் டெலிபோனைவிடக் கடுதாசி மேல் என்பேன். கடுதாசி நாள் எடுக்கும். அந்த நாட்களில் தடையுத்தரவு கேட்கலாம், இழப்பீடு பேசலாம். தமிழ்நாட்டில் நிலத் தகராறு என்றாலே போலீஸ் பாதுகாப்பு கேட்டு உயர் நீதிமன்றத்தில் மனுப் போடுவது வாடிக்கையாகிவிட்டதைப் பார்த்திருக்கிறேன். கேரளத்து ஆசிரமத் தகராறு ஒன்றில் 2006இல் இந்திய உச்ச நீதிமன்றம் அதற்குக் கடிவாளம் போட்டது: யாருக்கு உரிமை என்பதைச் சிவில் கோர்ட்டில் தீர்த்துக்கொள்ளுங்கள், பாதுகாப்பு மனு அதற்குக் குறுக்கு வழியாகக் கூடாது என்று. எனக்கு அது சரியாகப்பட்டது.

நிலம் கேட்பவருக்கு இத்தனை ஏற்பாடு. வீடு கேட்பவருக்கு? 2007இல் பெஸ்தாரி ஜெயா என்று பெயர் மாறிய பத்தாங் பெர்ஜுந்தை வட்டாரத்து மேரி, நைஜல் கார்ட்னர், சுங்கை திங்கி, புக்கிட் தாகார், மின்யாக் தோட்டங்களின் முன்னாள் தொழிலாளர்கள் தோட்டம் கைமாறிய பிறகு வீட்டுக்காக முப்பது வருடத்துக்குமேல் அலைந்தார்கள். 2023இல்தான் 245 குடும்பங்களுக்கு வீடு என்ற அரசு அறிவிப்பு வந்தது.

இன்றும் யாராவது லயத்துப் பிரச்சினை என்று வந்தால், வீடு தருவதாகச் சொன்னதை எழுத்தில் வாங்கினீர்களா என்றுதான் முதலில் கேட்பேன். பெரும்பாலும் ஒரே பதில்: “மானேஜரு பெரட்டுல சொன்னாருங்க.”