முதிய பெற்றோருக்கான சட்டப் பாதுகாப்பு: அம்பத்தூர், ஆவடி, பூந்தமல்லி

பிள்ளைகளோ உறவினரோ துன்புறுத்தும், பராமரிக்காமல் கைவிடும் பெற்றோருக்கு இந்தியாவில் முதன்மையான பாதுகாப்பு, 2007-ஆம் ஆண்டின் பெற்றோர் மற்றும் மூத்த குடிமக்கள் பராமரிப்பு மற்றும் நலச் சட்டம். தமிழ்நாடு இதற்கான விதிகளை 2009-இல் வகுத்தது. பெற்றோர் எந்த வயதிலும் மனுச் செய்யலாம். பிள்ளையில்லாத மூத்த குடிமக்கள் என்றால் 60 வயது நிறைந்திருக்க வேண்டும். அவர்களுடைய சொத்தை அனுபவிக்கும் அல்லது வாரிசாகப் பெறப்போகும் உறவினர் மீது மனு கொடுக்கலாம்.

சென்னையின் மேற்குப் புறநகரில் இந்தச் சட்டத்தை வீட்டுப் பத்திரத்தோடு சேர்த்தே பார்க்க வேண்டும். 1960-களில் அம்பத்தூர் தொழிற்பேட்டையும் ஆவடி டேங்க் தொழிற்சாலையும் வந்தபின், தொழிலாளர் பலர் கடன் வாங்கி மனை வாங்கினார்கள், சிறுகச் சிறுக வீடு கட்டினார்கள். இன்று அந்த மனையின் விலை எங்கோ போய்விட்டது. ஓய்வுபெற்றவருக்கு அதுவே ஒரே சொத்து. அதையும் பிள்ளை பெயருக்குச் செட்டில்மெண்ட் எழுதிக் கொடுத்துவிட்டால், பிறகு மரியாதை குறைந்தாலும் சோறு நின்றாலும் கையில் பிடிமானம் எதுவும் இருப்பதில்லை.

சட்டத்தின் 23-ஆவது பிரிவு இதற்காகவே எழுதப்பட்டது. அடிப்படை வசதிகளைச் செய்து தர வேண்டும் என்ற நிபந்தனையோடு சட்டம் வந்தபின் கொடுத்த சொத்தைப் பெற்றவர் அதைச் செய்யாவிட்டால், அந்தப் பத்திரம் மோசடியாலோ மிரட்டலாலோ எழுதப்பட்டதாகக் கருதப்படும். இச்சட்டத்தின் கீழ் மனுக்களை விசாரிக்கும் தீர்ப்பாயம் அதைச் செல்லாது என்று அறிவிக்கலாம். நிபந்தனை பத்திரத்திலேயே இருக்க வேண்டுமா என்பதுதான் நீண்ட வழக்கு. நிபந்தனை இருந்ததை நிரூபிக்க வேண்டும் என்று 2022 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் கூறியது. மத்தியப் பிரதேசத் தாய் ஒருவரின் வழக்கில் 2025 ஜனவரியில் அதே நீதிமன்றம், முதியோரின் நலனை முன்வைத்தே இச்சட்டத்துக்குப் பொருள் கொள்ள வேண்டும் என்றது. 2025 மார்ச்சில் நாகப்பட்டினத்து மூதாட்டி ஒருவரின் வழக்கில் சென்னை உயர் நீதிமன்றம், அன்பின் பேரில் எழுதிக் கொடுத்த பத்திரத்தில் பராமரிப்பு என்பது சொல்லாமலே அடங்கிய நிபந்தனை என்று ஏற்றுக்கொண்டது. ஆனாலும் தீர்ப்பை நம்பி, நிபந்தனையை எழுதாமல் விடுவது ஆபத்து.

மனுவை எங்கே கொடுப்பது என்பதில் இப்பகுதியில் குழப்பம் உண்டு. தீர்ப்பாயத்தின் தலைவர் வருவாய்க் கோட்டாட்சியர். மேல்முறையீடு மாவட்ட ஆட்சியரிடம், 60 நாளுக்குள். 2018-இல் அம்பத்தூர் சென்னை மாவட்டத்தோடு சேர்ந்துவிட்டது. ஆவடியும் பூந்தமல்லியும் திருவள்ளூர் மாவட்டத்திலேயே நீடிக்கின்றன. அதனால் அம்பத்தூர்க்காரரும் ஆவடிக்காரரும் வெவ்வேறு மாவட்ட அதிகாரிகளிடம் போக வேண்டும். காவல் துறையிலோ நிலை வேறு: 2022-இல் தொடங்கிய ஆவடி காவல் ஆணையரகத்தின் கீழ் இவ்வூர்கள் வருகின்றன. அடித்தாலோ மிரட்டினாலோ காவல் நிலையத்துக்குப் போகலாம். கோட்டாட்சியர் உத்தரவுக்குக் காத்திருக்க வேண்டியதில்லை.

தாய்க்கு 2005-ஆம் ஆண்டின் குடும்ப வன்முறைத் தடுப்புச் சட்டமும் துணை நிற்கும். அதே சட்டம் மருமகளுக்கும் குடும்பமாக வாழ்ந்த வீட்டில் வசிக்கும் உரிமை தருகிறது. அதைப் பரிசீலிக்காமல் அவரை வெளியேற்ற முடியாது என்று 2020-இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது.

2007-ஆம் ஆண்டுச் சட்டத்தின் கீழ் கொடுக்கும் ஜீவனாம்ச மனுவை 90 நாளுக்குள் முடிக்க வேண்டும். தேவையானால் இன்னும் 30 நாள் நீட்டிக்கலாம். மாதத் தொகைக்கு உச்சவரம்பு 10,000 ரூபாய். சென்னை வாடகைக்கும் மருந்துச் செலவுக்கும் இது போதவே போதாது. வரம்பை உயர்த்தியாக வேண்டும். முதியவரைக் கைவிட்டால் 3 மாதம் வரை சிறை, அல்லது 5,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும்.

செட்டில்மெண்ட் எழுதப் போகும் பெற்றோர், தங்கள் ஆயுள் முழுவதும் அந்த வீட்டில் குடியிருக்கும் உரிமையையும், உணவு, மருத்துவம் தரும் பொறுப்பையும் பத்திரத்தில் கட்டாயம் எழுதச் சொல்லுங்கள். ஏற்கெனவே எழுதாமல் கொடுத்துவிட்டவர்களும் மனம் தளராமல் மனுச் செய்யுங்கள். எங்கே தொடங்குவது என்று தெரியாதவர்கள் முதியோர் உதவி எண் 14567-ஐ அழைக்கலாம், கட்டணம் கிடையாது.