மாற்றி எழுதப்பட்ட மாரியோவும் எழுதப்படாத தமிழும்



விளையாட்டுப் பெட்டிகளைப் பற்றித் தமிழ்ப்பள்ளி ஆசிரியர் எழுதலாமா என்று சிலர் முகம் சுளிக்கக்கூடும். எழுதத்தான் வேண்டும் என்பது என் எண்ணம். கிள்ளான் பள்ளத்தாக்கில் என் தலைமுறை கைக்கொண்ட முதல் கணினி, பள்ளியிலிருந்த கணினி அன்று. தொலைக்காட்சியோடு இணைத்து ஆடிய விளையாட்டுப் பெட்டியே அது. அப்பெட்டிகளில் வந்த விளையாட்டுகளை எங்கெங்கோ இருந்தவர்கள் பிரித்து, மாற்றி, மீண்டும் பூட்டி விற்றார்கள். படம் மாறியது, பெயர் மாறியது, விதிகளும் மாறின. எழுத்து மட்டும் தமிழாக மாறவே இல்லை. அது ஏன் என்பதே இப்பதிவில் நான் ஆராய விரும்புவது.

தொடக்கத்திலிருந்து வருவோம். ஜப்பானின் நிண்டெண்டோ நிறுவனம் 1983ஆம் ஆண்டு ஜூலை 15ஆம் நாள் 'ஃபேமிகாம்' என்னும் பெட்டியை வெளியிட்டது. அதன் கேசட்டில் 60 முனைகள் இருந்தன. பின்னர் 1985இல் அமெரிக்காவுக்குச் சென்ற பெட்டியில் 72 முனைகளும், அவற்றோடு ஒரு பூட்டுச் சில்லும் சேர்க்கப்பட்டன. அச்சில்லின் ஒப்புதல் இல்லாத கேசட்டை அந்தப் பெட்டி ஏற்காது. ஜப்பானியப் பெட்டியிலோ அத்தகைய பூட்டு இல்லை. அந்த ஒரு குறையே தென்கிழக்காசியாவின் விளையாட்டு வரலாற்றைத் தீர்மானித்தது எனலாம். தைவானிலும் ஹாங்காங்கிலும் அதைப் பார்த்துச் செய்த பெட்டிகள் பெருகின. அவற்றுள் தைவானின் டி.எக்ஸ்.சி. நிறுவனத்தின் 'மைக்ரோ ஜீனியஸ்' நம் நாட்டில் பெரும்புகழ் பெற்றது. எந்த நிறுவனத்தின் பெட்டியாக இருந்தாலும் 'மைக்ரோ ஜீனியஸ்' என்றே அழைத்த வீடுகள் உண்டு. கிள்ளானில் எங்கள் பக்கத்தில் 'டிவி கேம்' என்போம். நிண்டெண்டோ என்ற பெயரைப் பல ஆண்டுகள் கழித்தே நான் கேள்விப்பட்டேன்.

பாசார் மாலாமில் விற்ற கேசட்டுகளின் மேல் 64, 168 என்று தொடங்கி 9999999 வரை எண்கள் அச்சிடப்பட்டிருக்கும். அத்தனை விளையாட்டுகள் அதற்குள் இருக்க வழியில்லை என்பதை எண்ணும் எழுத்தும் கற்ற எந்தப் பிள்ளையும் ஒரு மாலைக்குள் கண்டுபிடித்துவிடும்! பட்டியலில் ஒரே விளையாட்டு இருபது பெயர்களில் வரும். ஒன்றில் மூன்றாம் கட்டத்திலிருந்து தொடங்கும். இன்னொன்றில் உயிர்களின் எண்ணிக்கை கூடியிருக்கும். விளையாட்டு தொடங்கும் கணத்தில் நினைவகத்தின் ஓரிடத்தில் ஓர் எண்ணை மாற்றி வைத்தால் போதும், 'புது விளையாட்டு' கிடைத்துவிடும். இது வணிகத் தந்திரமே. ஆயினும் ஒரு செய்தியை அது எங்களுக்கு உணர்த்தியது. உயிர் மூன்று என்பது இயற்கை விதி அன்று. யாரோ ஒருவர் எழுதிவைத்த எண். அதை வேறொருவர் மாற்றவும் முடியும்.

படங்களை மாற்றியது எவ்வாறு என்பதைச் சற்று விரிவாகச் சொல்ல வேண்டும். பின்னால் வரும் தமிழ் எழுத்துக் கணக்குக்கு இதுவே அடிப்படை.

ஃபேமிகாம் திரை அகலத்தில் 256, உயரத்தில் 240 படப்புள்ளிகள் கொண்டது. ஆனால் அது புள்ளி புள்ளியாக வரைவதில்லை. எட்டுக்கு எட்டுப் புள்ளிகள் கொண்ட சிறு கட்டங்களை அடுக்கி, சுவரில் ஓடு பதிப்பதுபோல் படத்தை உருவாக்குகிறது. அகலத்தில் 32 கட்டங்கள், உயரத்தில் 30 கட்டங்கள். ஒரு கட்டத்தின் வடிவத்தைச் சேமிக்க 16 பைட்டுகள் போதும். பின்னணிக்கு ஒரே நேரத்தில் 256 வகைக் கட்டங்கள், நகரும் உருவங்களுக்கு இன்னொரு 256. ஆக மொத்தம் 512. 1985இல் வெளிவந்த 'சூப்பர் மாரியோ பிரதர்ஸ்' முழுவதும் 40 கிலோபைட்டுக்குள் அடங்கியது. அதில் 32 கிலோபைட்டு நிரல், 8 கிலோபைட்டு படம். வானத்து மேகமும் தரையிலுள்ள புதரும் அதில் ஒரே கட்டங்கள்தாம். வண்ணம் மட்டும் வேறு. சிக்கனம் என்றால் அதுவன்றோ சிக்கனம்!

நிரலும் படமும் தனித்தனியே இருந்தமையால், நிரலைத் தொடாமல் படத்தை மட்டும் மாற்றுவது எளிதாயிற்று. 'பிளின்ட்ஸ்டோன்ஸ்' என்னும் கேலிச்சித்திரக் குடும்பத்தை வைத்து டைட்டோ நிறுவனம் 1991இல் ஒரு விளையாட்டை வெளியிட்டது. யாரோ அதன் நாயகனுக்கு மாரியோவின் தலையை ஒட்டி, 'மாரியோ' வரிசையில் ஒன்றாக உலவவிட்டார்கள். தலை மாரியோவுடையது, உடலோ விலங்குத்தோல் உடுத்திய கற்கால மனிதனுடையது. 1994இல் 'சோமாரி' வந்தது. அது சேகா நிறுவனத்தின் சோனிக் ஓடிய பாதையில் நிண்டெண்டோவின் மாரியோ ஓடும் விளையாட்டு. உரிமையாளர் இருவரும் கனவிலும் இசைந்திராத கூட்டணி!

பிறகு குறுவட்டின் காலம் வந்தது. 1994ஆம் ஆண்டு டிசம்பர் 3ஆம் நாள் ஜப்பானில் வெளிவந்த பிளேஸ்டேஷனில் பூட்டு இருந்தது. அது நுட்பமான பூட்டும்கூட. தொழிற்சாலையில் அச்சான வட்டின் உட்புறத் தடத்தில் ஒரு மெல்லிய அசைவு இருக்கும். அந்த அசைவுக்குள் நான்கு எழுத்துகள் மறைந்திருக்கும். ஜப்பானுக்கு ஒன்று, அமெரிக்காவுக்கு ஒன்று, ஐரோப்பாவுக்கு ஒன்று என அவை வேறுபடும். வீட்டில் நகலெடுக்கும் கருவியால் அந்த அசைவை எழுத முடியாது. ஆகவே பெட்டியைத் திறந்து, சிறு சில்லு ஒன்றைப் பற்றவைத்து, அந்த நான்கு எழுத்துகளைப் பெட்டிக்கு ஓதும்படி செய்தார்கள். கோலாலம்பூரில் லோ யாட் பிளாசா 1999இல் திறக்கப்படும் முன்னர், கணினிப் பொருள் என்றாலே எங்களுக்கு இம்பி பிளாசாதான். பற்றவைக்கும் கம்பியின் புகை நெடி இன்றும் நினைவிலிருக்கிறது.

இந்த இடத்தில் பெற்றோர்களுக்கு ஒன்றைத் தெளிவுபடுத்த விரும்புகிறேன். பூட்டை உடைத்து நகல் வட்டை ஐந்து வெள்ளிக்கு விற்பது ஒரு செயல். உள்ளே இருக்கும் எழுத்தையும் படத்தையும் மாற்றிப் பார்ப்பது வேறொரு செயல். முன்னது பிறர் உழைப்பைத் திருடுவது. அதற்காகவே 1987ஆம் ஆண்டின் பதிப்புரிமைச் சட்டத்தோடு, வட்டுத் தொழிற்சாலைகளைக் கட்டுப்படுத்தும் ஒளிவட்டுச் சட்டமும் 2000ஆம் ஆண்டில் இயற்றப்பட்டது. அதில் எனக்கு மாற்றுக் கருத்தில்லை. ஆனால் அன்று இரண்டும் ஒரே கடையில், ஒரே வட்டில் கலந்தே வந்தன. அதனால் இரண்டையும் ஒன்றாகவே வெறுக்கப் பழகிவிட்டோம். மாற்றிப் பார்க்கும் ஆசையையும் சேர்த்தே பிள்ளைகளிடம் கண்டித்தோம்.

மாற்றும் ஆசை எவ்வளவு வலியது என்பதை ஆசிரியப் பணியில் சேர்ந்தபின் கண்டேன். பிளேஸ்டேஷன் 2 பரவியிருந்த ஆண்டுகள் அவை. கொனாமி நிறுவனத்தின் 'வின்னிங் இலெவன்' காற்பந்து விளையாட்டைப் பற்றிப் பேசாத பையனே வகுப்பில் இல்லை. இங்கிலாந்துக் குழுக்கள் பலவற்றின் பெயரைப் பயன்படுத்தும் உரிமை அந்நிறுவனத்திடம் இல்லாததால் 'மேன் ரெட்', 'மெர்சிசைட் ரெட்' போன்ற பொய்ப்பெயர்களே வரும். ஆயினும் பெயர், சட்டை, தலைமுடி ஆகியவற்றைத் திருத்தி நினைவட்டையில் சேமிக்கும் வசதி விளையாட்டிலேயே இருந்தது. அதற்கும் மேலே சென்று, ஜப்பானிய வட்டைத் திறந்து, எழுத்துகளை ஆங்கிலமாக்கிய திருத்தப் பதிப்புகளும் கடைகளில் கிடைத்தன.

மாணவன் ஒருவன் தந்தையின் சொற்படி ஒரு மலேசிய அணியை உருவாக்கியிருந்தான். சோ சின் ஆவுன், சந்தோக் சிங், வலைகாப்பாளராக ஆர். ஆறுமுகம். 1980ஆம் ஆண்டு மாஸ்கோ ஒலிம்பிக்கிற்குத் தகுதி பெற்றும் புறக்கணிப்பால் செல்லாத அணியைத் தந்தை மகனுக்குக் கற்பித்த முறை அது! பாடநூல் செய்யாததை ஒரு விளையாட்டு வட்டு செய்துவிட்டது. ஆனால் 'ஆறுமுகம்' என்று அவனால் எழுத முடியவில்லை. உரோமன் எழுத்துகளைத் தட்டினான். றகரமும் ரகரமும் ஒன்றாயின. தமிழில் எழுத இயலாதா என்று கேட்டதற்கு, "கேமில் தமிழ் வராது டீச்சர்" என்றான். மழை வராது என்பதுபோல் இயல்பாகச் சொன்னான். அந்த விடை என்னைவிட்டு அகலவில்லை.

ஏன் வராது? கணக்குப் போட்டுப் பார்ப்போம்.

நம் எழுத்துகள் 247. ஆனால் அத்தனைக்கும் தனி வடிவம் வேண்டியதில்லை. உயிர் 12, ஆய்தம் 1, அகரமேறிய மெய் 18, புள்ளி வைத்த மெய் 18. இகர, ஈகார, உகர, ஊகார வரிசைகள் 72. துணைக்கால், ஒற்றைக்கொம்பு, இரட்டைக்கொம்பு, ஐகாரக் குறி ஆகிய 4. கூட்டினால் 125 வடிவங்கள். ஔகாரத்துக்கு ளகர வடிவமே போதும். இவ்வடிவங்களுள் ட, ப, ம ஆகியவை எட்டுக்கு எட்டுக் கட்டத்துள் அடங்கிவிடும். ஞ, ணூ, ஐ அடங்கா. ஆகவே ஓர் எழுத்துக்கு நான்கு கட்டங்கள், அதாவது பதினாறுக்குப் பதினாறு புள்ளிகள் என்று கொள்வோம். 125ஐ 4ஆல் பெருக்க 500. பின்னணிக்கு உள்ளதோ 256. உருவங்களுக்கான பகுதியையும் பறித்துக்கொண்டால் 512இல் எஞ்சுபவை 12 மட்டுமே. மாரியோவுக்குத் தொப்பி வைக்கலாம். ஓட வைக்க இயலாது.

நீளமும் ஒரு தடை. பழைய கேசட்டில் ஒரு சொல்லை மாற்றினால் புதிய சொல் பழையதன் இடத்துக்குள் அடங்கியாக வேண்டும். 'கேம் ஓவர்' என்பது ஆங்கிலத்தில் இடைவெளியோடு ஒன்பது கட்டங்கள். 'ஆட்டம் முடிந்தது' என்பதற்குப் பத்து எழுத்திடங்கள். ஒவ்வோர் இடமும் நான்கு கட்டங்கள். ஒன்பது எங்கே, நாற்பது எங்கே!

இத்தடைகள் தாண்ட முடியாதவையா என்றால், இல்லை. ஜப்பானியரும் இதே சிக்கலைச் சந்தித்தார்கள். 1986இல் வந்த 'டிராகன் குவெஸ்ட்' விளையாட்டில் கத்தகானா எழுத்துகளில் ஏறத்தாழ இருபதை மட்டுமே வைத்துக்கொண்டு, அவற்றால் எழுதக்கூடிய சொற்களையே தேர்ந்தார்கள். பின்னாளில் தேவையான எழுத்தை மட்டும் அவ்வப்போது ஏற்றிக்கொள்ளும் கேசட்டுகள் வந்தன. 1997இல் 'ஃபைனல் ஃபேன்டசி 5' என்னும் நீண்ட கதை விளையாட்டை ஆர்வலர் குழு ஒன்று ஊதியமின்றி முழுமையாக ஆங்கிலத்தில் பெயர்த்து வெளியிட்டது. ஆள் இருந்தால் வழி பிறக்கும்.

நமக்கும் ஆள் இருந்தார், வேறொரு துறையில். கவிஞரும் ஆசிரியருமான முரசு நெடுமாறன் அவர்களின் மகன் முத்து நெடுமாறன், நம் நாட்டிலேயே 1985இல் கணினிக்கு முரசு என்னும் தமிழ் மென்பொருளை உருவாக்கினார். அது 'சூப்பர் மாரியோ பிரதர்ஸ்' வெளிவந்த அதே ஆண்டு! அக்காலக் கணினியின் எழுத்துருவிலும் இடங்கள் 256தாம். பின்னர் உலகெங்கும் உள்ள தமிழர் சேர்ந்து வகுத்த திஸ்கி குறியீட்டில் முதற்பாதி ஆங்கிலத்துக்குப் போக, தமிழுக்குக் கிடைத்தவை 128. கொம்பைத் தனியே, காலைத் தனியே வைத்து அதற்குள் தமிழை அடக்கினார்கள். 2005இல் செல்லினம் வழியாகத் தமிழ் கைப்பேசிக்கும் வந்தது. கணினியிலும் கைப்பேசியிலும் தமிழுக்காக உழைத்தவர்கள் கிடைத்தார்கள். என் கைக்கு வந்த எந்தக் கேசட்டுக்கும், எந்த வட்டுக்கும் அப்படி ஒருவர் கிடைக்கவில்லை. மாற்றியவர்கள் தைவானிலும் ஹாங்காங்கிலும் இருந்தார்கள். அவர்களுக்குத் தமிழ் தெரியாது. தமிழ் தெரிந்த நாங்களோ வாங்கி ஆடினோம்.

அப்பையனின் விடைக்கு மறுமொழியாக நான்காம் ஆண்டு மாணவர்களோடு ஒரு பயிற்சி செய்துவருகிறேன். கணினி தேவையில்லை. கட்டத்தாள், கரிக்கோல், அழிப்பான் இருந்தால் போதும். எட்டுக்கு எட்டுக் கட்டத்தில் தங்கள் பெயரின் முதலெழுத்தை வடிக்க வேண்டும். ஓரத்தில் ஒரு வரிசையை இடைவெளிக்காக விட வேண்டும். பவானியும் மதனும் உடனே முடித்து நிமிர்வார்கள். மெய்யெழுத்தை முயல்பவர்கள் புள்ளிக்கு மேலே இடமில்லை என்று முழு எழுத்தையும் ஒரு கட்டம் கீழிறக்குவார்கள். ஞகரம் எடுத்தவர்கள் அழித்து அழித்துத் தாளையே கிழிப்பார்கள். ஒருமுறை ஞானசேகரன் என்ற மாணவன் சுழியை விட்டுவிட்டு ஞகரத்தை எட்டுக்குள் அடக்கிக் காட்டினான். அது ஞகரம்தானா என்று வகுப்பே இரண்டாகப் பிரிந்து வாதிட்டது. சுழி இல்லாவிட்டால் செல்லாது என்றது ஒரு பிரிவு. படிக்க முடிகிறதே என்றது மற்றொன்று. இடைவேளை மணி அடித்தும் முடிவு ஏற்படவில்லை. மறுநாள் அவன் பதினாறுக்குப் பதினாறில் முழுச் சுழியோடு வரைந்து எடுத்து வந்தான்.